மாமாவுக்கு நிலா மாறிய கதை

என் அக்காவைக் கட்டிய மாமா நிலாப் பதிவு அலுவலகத்தில் தலைமை எழுத்தர். நானும் அங்கேதான், அவருக்கு இரண்டு மேஜை தள்ளி. அக்கா வீட்டுக்குப் போனாலும் அவர் முகம், ஆபீஸிலும் அவர் முகம் என்று என் தலையில் எழுதியிருக்கிறது.

எங்கள் வானத்தில் இரட்டை நிலா. ஒரே அளவு, ஒரே வெளிச்சம். ஒன்றின் கன்னத்தில் மட்டும் ஒரு தழும்பு. குழந்தை பிறந்ததும் பிரசவ அறை ஜன்னலில் எது முதலில் தெரிகிறதோ, அதுதான் அந்தக் குழந்தையின் நிலா. மருத்துவச்சி பார்த்துச் சொல்வாள், நாங்கள் எழுதிக்கொள்வோம். பதினெட்டு நாளுக்கு ஒருமுறை, அவரவர் நிலா முழுசாகும் நாளில் அவரவருக்கு லீவு. வேறு லீவே கிடையாது. ஒரு நிலா முழுசாக நிற்கும்போது மற்றது தேய்ந்து கிடக்கும் என்பதால், ஊரில் பாதிப் பேர் எப்போதும் வேலையில் இருப்பார்கள். இந்த ஏற்பாட்டைச் செய்த மகராசன் கட்டாயம் கல்யாணம் ஆகாதவனாகத்தான் இருந்திருப்பான்.

மாமா தழும்பு நிலா, அக்கா சுத்த நிலா. "சேர்ந்தாப்புல ஒரு நாள் கூட வீட்ல இருக்க முடியாதுடி" என்று எங்கள் அம்மா அப்போதே தலைப்பாடாக அடித்துக்கொண்டாள். அக்கா காதில் வாங்கவில்லை. இருபத்தாறு வருஷம் ஓடிவிட்டது.

ஆபீஸில் மாமாவுக்கு 'செல்லாது' என்று பெயர். நிலாவை மாற்றித் தரச் சொல்லி புதுசாகக் கல்யாணமானவர்கள் ஜோடி ஜோடியாக வந்து அழுவார்கள். ஏழு மைல் தள்ளியிருக்கும் துறைமுகத்தில் நிலா உதிக்கும் நேரத்தை நாள்தோறும் எழுதிவைக்கிறார்களே, அதைப் பார்த்தாவது திருத்தக் கூடாதா என்று கெஞ்சுவார்கள். "ஜன்னல்ல கண்ணால பார்த்து எழுதினதுதான் கணக்கு. துறைமுகத்து ஏடு செல்லாது" என்பார். பேச்சு அத்தோடு முடிந்தது.

இப்படிப்பட்டவர் தன் லீவு நாளில் என்ன செய்வார் தெரியுமா? அக்கா வேலை பார்க்கும் ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தின் வாசலில் போய் நிற்பார். மத்தியானம் கால் மணி நேரம் அவளைப் பார்த்துவிட்டுத் திரும்புவார். "ஒரே ஒரு முழுப் பகல் மச்சான், அவகூட உட்கார்ந்து பேசணும்" என்று என்னிடம் புலம்புவார். கேட்கவே பாவமாக இருக்கும்.

போன மாதம் ஒரு கண்ணாடிக்காரர் தன் மகளின் பிறப்பைப் பதிய வந்தார். வந்தவர் சும்மா இருக்கவில்லை.

"ஆஸ்பத்திரி வடக்கு வார்டுல ஜன்னல் கண்ணாடி மாத்தினேன் சார். பழசுல நட்ட நடுவுல இம்மாம் பெரிய கீறல். எந்த நிலா வந்து நின்னாலும் தழும்போடதான் தெரியும்."

மாமாவின் பேனா நின்றது. அந்த வார்டில் ஐம்பது வருஷமாகத் தழும்பு நிலாக் குழந்தைகளாகவே பிறந்திருந்தன. அது எப்படி என்று நான் ஒருமுறை கேட்டபோது, "பரம்பரைடா" என்று வாயை அடைத்தவர் இவர்தான். இவரும் அதே வார்டில் பிறந்தவர்தான்.

அன்று துறைமுகத்து ஏடு சட்டென்று செல்லுபடியாகிவிட்டது. ஆள் அனுப்பி வரவழைத்தார். அவர் பிறந்த அன்று பூராவும் தழும்பு நிலா தலையே காட்டவில்லை. ஆக, மாமா சுத்த நிலா! தனக்குத் தானே விண்ணப்பம் எழுதி, தானே வாங்கி, தானே சரிபார்த்து, தானே முத்திரை குத்தினார். முத்திரை விழுந்த நிலாவை மறுபடி மாற்ற முடியாது. அந்த விதியும் ஐயா கொண்டுவந்ததுதான்.

சாயங்காலம் என்னையும் இழுத்துக்கொண்டு வீட்டுக்கு ஓடினார். அக்கா துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"ஏய், இங்க பாரு! நானும் உன் நிலாதான்! இனிமே ரெண்டு பேருக்கும் ஒரே நாள் லீவு!"

அக்கா காகிதத்தை வாங்கிப் படித்தாள். முகத்தில் ஈயாடவில்லை.

"அந்தக் கண்ணாடியை மாத்திட்டாங்களா?" என்றாள்.

"கண்ணாடி விஷயம் உனக்கெப்படித் தெரியும்?"

"வடக்கு வார்டு படுக்கை விரிப்பெல்லாம் எடுக்கறது நான்தானே. கீறலைப் பார்த்து இருபது வருஷம் ஆச்சுங்க."

"அடிப்பாவி! ஏன்டி சொல்லல?"

அக்கா மடித்த துணியைக் கீழே வைத்தாள். "உங்க மேல எனக்கு ஒரு குறையும் இல்லைங்க. பதினேழு நாளு சலவைக்கும் வீட்டுக்கும் போயிடுது. அந்த ஒரு நாளுதான் யாரும் என்னைக் கூப்பிட மாட்டாங்க. கதவைச் சாத்திக்கிட்டு, ஒண்ணும் செய்யாம சும்மா உட்கார்ந்திருப்பேன். அதுவும் போயிடுமேன்னுதான் வாயைத் திறக்கல."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. இருபது வருஷம் மனுஷனை இப்படி ஏங்க விடுவாளா ஒருத்தி? திட்ட வாயெடுத்தவன் அவள் கைகளைப் பார்த்தேன். சோடாவிலும் வெந்நீரிலும் ஊறி ஊறித் தோல் உரிந்து கிடந்தன. அவள் கீழே வைத்த துணியை எடுத்து மடிக்க ஆரம்பித்தேன்.

"முத்திரை போட்டாச்சே" என்றார் மாமா. அதற்கப்புறம் பத்து நாள் அவர் யாரிடமும் சரியாகப் பேசவில்லை. ஆபீஸில் ஒரு விண்ணப்பத்தைக் கூடத் திருப்பி அனுப்பவில்லை. எல்லோரும் அவருக்கு உடம்பு சரியில்லை என்று முடிவு கட்டிவிட்டார்கள்.

அடுத்த சுத்த நிலா நாள் வந்தது. எனக்கும் அன்றுதான் லீவு. இரண்டு தெரு தள்ளி என் வீட்டில் கால் நீட்டிப் படுத்திருந்தேன். காலை ஒன்பது மணிக்குக் கதவைத் தட்டினார்கள். இஸ்திரி போட்ட ஆபீஸ் சட்டையும் சாப்பாட்டு டப்பாவுமாக மாமா நின்றார்.

"என்ன மாமா, இன்னிக்கு உங்களுக்கும் லீவாச்சே?"

"ஆமா. ஆபீஸ்ல அவசர வேலைன்னு உங்க அக்காகிட்ட சொல்லிட்டு வந்தேன்."

"நம்பிட்டாளா?"

"நம்பின மாதிரி இருந்துக்கிட்டா."

என் லீவுக்கு அன்றோடு முழுக்குப் போட்டேன். என் நாற்காலியில் உட்கார்ந்தவர், ஓட்டை விழுந்த கூரையில் ஆரம்பித்து அடைபட்ட சாக்கடை வரை இருபத்தாறு வருஷமாகச் சேர்த்து வைத்ததையெல்லாம் என்னிடம் கொட்டினார். எனக்கு உயிரே போய்விட்டது. மத்தியானம் நடுப்பேச்சில் சட்டென்று நிறுத்தினார்.

"மச்சான், இப்ப அவ என்ன செஞ்சிக்கிட்டிருப்பா?"

"ஒண்ணும் செய்ய மாட்டா மாமா."

அவர் கண் கலங்கிவிட்டது. "சரி, அப்படியே இருக்கட்டும்" என்றார்.