சிவப்பு வட்டத்துக்குள் எங்கப்பா முதுகு

அந்த நடிகரின் பிறந்தநாள் வந்தால் எனக்கு எரிச்சல் தொடங்கிவிடும். பெரிய ஆளாவதற்கு முன்னால் அவர் தலைகாட்டிய படங்களை டிவியில் வரிசையாகப் போடுவார்கள். ஒன்றில் பந்தி பரிமாறுவார். இன்னொன்றில் கதாநாயகனிடம் அறை வாங்கி விழுவார். மூன்றாவதாக, தேயிலைத் தோட்டத்தில் மூட்டையோடு இறங்கிப்போகும் ஒரு முதுகைக் காட்டி, அதைச் சுற்றிச் சிவப்பாக வட்டம் போடுவார்கள். பொய். அது எங்கப்பா முதுகு.

எனக்கு அப்போது ஒன்பது வயது. கூடலூர்ப் பக்கம் ஓர் எஸ்டேட்டின் லயத்தில், வரிசை வீடுகளில் ஒன்றில் இருந்தோம். தேயிலை விலை விழுந்து, ஃபேக்டரியைப் பூட்டி இரண்டு மாதம் ஆகியிருந்தது. பறிக்க ஆள் விடாததால் செடிகள் காடாக வளர்ந்து கிடந்தன. படம் எடுக்க வந்தவர்களுக்கு அந்தப் பச்சை ரொம்பப் பிடித்துவிட்டது. பிடிக்காமல் என்ன, அவர்களுக்கா வேலை போனது?

அம்மாவையும் மற்றப் பெண்களையும் கொழுந்து பறிப்பதுபோலக் கையை ஆட்டச் சொன்னார்கள். இவர்களுக்குச் சும்மா ஆட்ட வரவில்லை. நிஜமாகவே பறித்துக் கூடைகளை நிரப்பிவிட்டார்கள்.

மூட்டை தூக்குகிறவராக வந்தவர்தான் அந்த நடிகர். அப்போது அவரை யாருக்கும் தெரியாது. கீழே சமவெளியிலிருந்து வந்த ஒல்லியான ஆள். வைக்கோல் திணித்த மூட்டையைத் தோளில் வைத்துக்கொண்டு, மாப்பிள்ளை ஊர்வலம் போகிற மாதிரி நடந்தார். வைக்கோலுக்கே இந்த ஆட்டமா என்று அம்மா சிரித்தாள். ஒத்திகையிலேயே சரிவில் சறுக்கிக் கணுக்கால் பிசகிவிட்டது.

வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த அப்பா ஓடிப்போய் அவரைச் செடி மறைவில் உட்காரவைத்தார். அவர் அழாத குறை.

"அண்ணா, யாருகிட்டயும் சொல்லிப்போடாதீங்க. தெரிஞ்சா பஸ் ஏத்தி உட்டுருவாங்க. நாளைக்கு எனக்கு ஒரு வசனம் இருக்குதுங்க. மொத வசனமுங்க."

உட்கார்ந்தபடி பேசுகிற வசனமாம். அதற்குக் கால் வேண்டாம். இன்றைக்கு நடப்பதற்குத்தான் வேண்டும்.

அப்பா அவர் சட்டையைக் கழற்றி வாங்கிப் போட்டுக்கொண்டார். கேமரா மேட்டில் இருந்தது; முதுகு மட்டும்தான் தெரியும். ஆனால் வைக்கோலைத் தூக்கினால் தனக்கு நடை வராது என்று சொல்லிவிட்டார். மூட்டையைக் கொட்டி, பெண்கள் பறித்த கொழுந்தை அமுக்கி அமுக்கி நிரப்பினார். சும்மாடு கட்டித் தலையில் ஏற்றிக்கொண்டு சரிவில் இறங்கினார்.

"கட்" என்று கத்தினார்கள். அப்பா நிற்கவில்லை. பனிமூட்டத்துக்குள் போயே போய்விட்டார். டைரக்டருக்கு அது பிடித்துப்போய், அடுத்த இடத்துக்குக் கேமராவைத் தூக்கச் சொன்னார். இங்கே செடி மறைவில் ஒருவர் சட்டையில்லாமல் நடுங்கிக்கொண்டிருந்தார். ஓடிப்போய்ச் சட்டையை வாங்கிவரச் சொல்லி அம்மா என்னை விரட்டினாள்.

மறுநாள் அவர் வசனத்தைச் சொல்லிவிட்டார். படத்திலும் அது இருந்தது. கூடலூர் தியேட்டரில் முதுகு வந்தபோது அம்மா அப்பாவின் தொடையில் கிள்ளினாள். யாரிடமும் சொல்லாதே என்று அப்பா சொன்னதால் நான் சொல்லவில்லை. வட்டம் போடுகிறவர்கள் போட்டுவிட்டுப் போகட்டும். அந்த ஆள் நன்றாக இருக்கிறார், அது போதும்.

சட்டை வாங்க ஓடினேன் அல்லவா? பூட்டிய ஃபேக்டரிக்கு முன்னால், கொழுந்து நிறுக்கிற கொட்டகையில் அப்பா நின்றுகொண்டிருந்தார். தராசு இல்லை. ஆளும் இல்லை. மூட்டை இன்னும் தலையில்தான் இருந்தது.

"கட் சொல்லிட்டாங்கப்பா. சட்டையக் குடுங்க."

"இரு பாப்பா," என்றார்.

வெகுநேரம் அப்படியே நின்றார். கைகொடுத்து இறக்கிவிட ஆள் இல்லாமல்தான் நிற்கிறார் என்று நினைத்தேன். எனக்கு உயரம் போதவில்லையே என்று எனக்கு என்மேலேயே கோபம். தினம் ஏழெட்டு மூட்டையைத் தனியாகவே இறக்கிப் போட்டவர் அவர்.