கியோகோ நடித்த சிறு வேடங்கள்

"அக்கா, கியோகோ போயிட்டா. காலமை கோப்பி கொண்டு போனனான். நித்திரை எண்டுதான் நினைச்சன்." டென்மார்க்கின் விபோர்க் முதியோர் இல்லத்திலிருந்து, என்னோடு வேலைசெய்யும் சுகந்தி தொலைபேசியில் சொன்னபோது நானும் அங்கே வேலைக்குத்தான் புறப்பட்டுக்கொண்டிருந்தேன். கியோகோவைப் பராமரித்தவர்களுக்கும், அவரோடு ஒரே மேசையில் உண்டவர்களுக்கும் இதை எழுதுகிறேன்.

டெனிஷ்காரக் கப்பல் பொறியியலாளர் ஒருவரை மணந்து ஜப்பானிலிருந்து வந்தவர் என்று மட்டுமே அவரை அறிந்திருந்தோம். ஒருநாள் அவருடைய மகள் ஒரு பழைய ஜப்பானியத் திரைப்படத்தைக் கொண்டுவந்து கூடத்தில் போட்டார். இளம் கியோகோ ஒரு வீட்டின் கதவைத் திறந்து, மழை வரப்போகிறது என்று சொல்லிவிட்டு மறைந்தார். "இவ்வளவுதானோ?" என்றார் பக்கத்து அறைப் பெரியவர்.

"கதவையும் நான்தானே திறந்தனான்" என்றார் கியோகோ. டெனிஷில் சொன்னதுதான், என் நினைவில் இப்படித் தமிழாகிவிட்டது.

நடிக்க வந்த கதையை, நான் தலை வாரிவிடும்போது சொன்னார். அவர்களுடைய போர் முடிந்தபோது அவருக்குப் பதினேழு வயது. ஊர் எரிந்து கிடந்தது. படக் கம்பெனியில் ஆள் எடுக்கிறார்கள், மதியம் சூப்பும் கொடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனார். அழுதுகாட்டச் சொன்னார்கள். "கிடாரத்தில சூப் கொதிக்கிறதைக் கண்டிட்டன். சிரிப்புத்தான் வந்தது." அந்தச் சிரிப்புக்காகவே எடுத்துக்கொண்டார்கள். தேநீர்க் கடைக்காரி, வேலைக்காரி, அயல்வீட்டுப் பெண் என்று பன்னிரண்டு ஆண்டுகள் நடித்தார். கதாநாயகி வேடம் ஒருமுறையும் வரவில்லை. வருத்தமில்லையா என்று கேட்டேன்.

"கதாநாயகி பின்னேரம் வரைக்கும் நிண்டு அழவேணும். நான் மத்தியானமே வீட்டை போயிடுவன்."

இலங்கையில் எங்கள் போர் முடிந்த வைகாசியில், வன்னியிலிருந்த என் தங்கச்சியைப் பற்றி வாரக்கணக்காகத் தகவல் இல்லை. வேலையிடத்தில் நான் யாரிடமும் சொல்லவில்லை. ஒரு காலை கியோகோவின் சட்டைப் பொத்தான்களை மாற்றிப் பூட்டிவிட்டேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ஆர்?"

"தங்கச்சி. இருக்கிறாளோ தெரியேல்லை."

அவர் ஆறுதல் சொல்லவில்லை. ஜப்பானில் போர் முடிந்த அன்று, சமைக்க ஒன்றுமில்லாத வீட்டில் தன் தாய் அடுப்பில் தண்ணீர் வைத்தாராம். ஏனென்று கேட்டதற்கு, "ஆரும் வந்தால்" என்றாராம். படைக்குப் போன அண்ணன்மார் இருவரில் ஒருவர் வந்து சேர்ந்தார். அதையும் மறைக்காமல் சொன்னார். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து நான் அழுது முடிக்கும்வரை கையை விடவில்லை.

ஆனியில், அகதி முகாமிலிருந்து தங்கச்சி தொலைபேசியில் பேசினாள். "அக்கா, நான் இருக்கிறன்." அன்று எனக்கு லீவு. ஆனாலும் இல்லத்துக்கு ஓடிப்போய்க் கியோகோவிடம் சொன்னேன். அவர் பட்டுச் சட்டையை எடுத்துத் தரச் சொல்லி உடுத்துக்கொண்டு, கூடத்தில் எல்லோருக்கும் கேக் வாங்கிக் கொடுத்தார்.

முன்பெல்லாம் கவலையை வீட்டில் பூட்டிவைத்துவிட்டு வேலைக்குப் போவேன். இப்போது யாரிடமாவது சொல்லிவிடுகிறேன். அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது இதைத்தான். அவர் போன காலையிலும் சுகந்தியிடம், "நான் இண்டைக்கு வேலையிலை அழுவன், பரவாயில்லையோ?" என்று கேட்டேன்.

"வாங்கோ அக்கா" என்றாள். "நான் தொடங்கியிட்டன்."