குர்லாவில் இறங்கிய கரப்பான்பூச்சி

கட்டைவிரலை இயந்திரத்தில் வைத்து, அது பெண் குரலில் ‘தேங்க்யூ’ சொன்ன பிறகுதான் எனக்கு நினைவு வந்தது, அன்று நான் விடுப்பு. நான் இருந்திருக்க வேண்டியது செம்பூரில் உள்ள இந்த அலுவலக வாசலில் அல்ல. தானேயில் ஓர் ஆய்வுக்கூடத்தின் தேர்வு அறையில். மணி ஒன்பது பத்து. அங்கே ஒன்பதரைக்குக் கதவைச் சாத்திவிடுவார்கள். வாசலில் இருந்த வயதான மராட்டிக் காவலாளி என்னைப் பார்த்ததும் நாற்காலியைவிட்டு எழுந்துவிட்டார். பூச்சி ஆராய்ச்சிக்குப் போகப்போகிறேன் என்று முந்தின நாள் அவரிடம்கூடப் பெருமையடித்திருந்தேன். “அரே பேட்டீ, ஹோ கயா? இத்னி ஜல்தி?” என்றார். அதற்குள் முடிந்துவிட்டதா என்று வாய் நிறையச் சிரித்துக்கொண்டு கேட்கிறார். “ஹோ கயா,” என்றேன். முடிந்துவிட்டது என்பது உண்மைதானே? அவர் என் தலையில் கைவைத்து வாழ்த்தி, இனிப்புப் பேடா எங்கே என்றார்.

அந்த இடத்தில், அவர் கை என் தலைமேல் இருக்கும்போதுதான், அது முதன்முதலாகப் பொறி தட்டியது. எந்தப் பூச்சியைப் பற்றி ஆராய நான் தானேக்குக் கிளம்பினேனோ, அந்தப் பூச்சியாகத்தான் செம்பூரில் வந்து நிற்கிறேன்.

கரப்பான்பூச்சியைச் சொல்கிறேன். அதை வேட்டையாடுவது பச்சையும் நீலமுமாக மின்னுகிற ஒரு குளவி. பாளையங்கோட்டையில் விலங்கியல் படித்தபோது அதன் கதையைக் கேட்டுவிட்டு இரண்டு நாள் சரியாகத் தூங்கவில்லை, அவ்வளவு உற்சாகம். அது ஒரு கரப்பானைப் பிடித்து முதலில் நெஞ்சில் கொட்டும். முன்னங்கால்கள் கொஞ்ச நேரம் மரத்துப்போகும். அடுத்த கொட்டு நேரே மூளையில். கரப்பான் சாகாது. கால்கள் ஆறும் சரியாகிவிடும், நடக்கும், தள்ளினால் நகரும், தண்ணீரில் போட்டால் நீந்தவும் செய்யும். ஒன்றே ஒன்றுதான் போய்விடும்: தானாக ஒரு காரியத்தைத் தொடங்குவது. ஓடலாமே என்கிற அந்த முதல் அசைவு அதற்குள் எழாது. கொட்டு வாங்கியதும் அது உட்கார்ந்து அரைமணி நேரம் மீசையையும் கால்களையும் வழித்து வழித்துத் தன்னைச் சுத்தம் செய்துகொள்ளும். அதற்குள் குளவி வளை பார்த்துவிட்டு வந்து, மீசையைப் பிடித்து, கயிறு கட்டிய மாட்டைக் கூட்டிப்போவதுபோல அதைக் கூட்டிப்போகும். வளைக்குள் அதன்மேல் ஒரு முட்டை வைத்து வாசலைக் கல்லால் அடைக்கும். முட்டை பொரிந்து வருகிற புழுவுக்கு இதுதான் சாப்பாடு. எல்லாரும் இதைத்தான் ஜாம்பி கரப்பான் என்கிறார்கள். எனக்கு அன்று வேறு ஒரு விஷயம்தான் பெரிதாகத் தெரிந்தது. முட்டை வைக்காமல் விட்டால், ஒரு வாரம் போல ஆனதும் விஷம் இறங்கி, கரப்பான் எழுந்து ஓடிவிடும். ஒரு வாரம்தான். அந்த ஒரு வாரத்தை அது எப்படிக் கடக்கிறது, மறுபடி முதல் அடியை எப்படி வைக்கிறது என்று பார்க்க வேண்டும் என்பதுதான் என் ஆசை.

ஊரில் உள்ளவர்களுக்கு நான் வேலைக்குப் போகிற இந்த மின்சார ரயிலைக் கொஞ்சம் விளக்க வேண்டும். இங்கே பெட்டிக்குள் யாரும் யாரையும் பேர் கேட்பதில்லை. முன்னால் நிற்பவளின் தோளைத் தொட்டு அடுத்த நிலையத்தின் பேரைச் சொல்லி, “உதர்னா ஹை?” என்று கேட்பார்கள். இறங்குகிறாயா என்று அர்த்தம். ஆமென்றால் உனக்குப் பின்னால் வரிசையில் சேர்ந்துகொள்வார்கள், இல்லையென்றால் நீ விலகி இடம் விட வேண்டும். வந்த புதிதில் எனக்கு இது தெரியாது. “குர்லா உதர்னா ஹை?” என்று ஒருத்தி கேட்டதும், இந்த ஊரில் இவ்வளவு அக்கறையா என்று உருகிப்போய், நான் திருநெல்வேலிப் பக்கம், செம்பூரில் வேலை கிடைத்திருக்கிறது, குர்லாவில் இறங்கி ஹார்பர் லைன் மாற வேண்டும் என்று கல்லூரியில் கற்ற ஹிந்தியில் வரலாறு சொன்னேன். அவள் பாதியில், “ஹான் கி நா போல்!” என்று கத்தினாள். உண்டா இல்லையா, அதைச் சொல். பெட்டியே சிரித்தது. அன்றிலிருந்து சொல்லப் பழகினேன். தோளில் விரல் பட்டதும் ஹான். இரண்டு வருடமாக ஹான்.

அண்ணன் தாராவியில் ஒரு தோல் பைப் பட்டறையில் வெட்டு வேலை செய்கிறான். பட்டறைக்கு மேலேயே எங்கள் அறை. ஞாயிற்றுக்கிழமைகளில் இருவரும் கைப்பேசியில் ஜாம்பிப் படங்கள் பார்ப்போம். செத்தவர்கள் கையை நீட்டிக்கொண்டு தள்ளாடி வருவதைப் பார்த்து அவன் சிரிப்பான். “ஏட்டி, இவனுவ ஏன் இப்பிடி அசஞ்சு அசஞ்சு வாரானுவ? சயான் ஸ்டேஷன் படியில இப்பிடி நடந்தாம்னா மிதிச்சிட்டுல்லா போயிருவானுவ!” நான் உடனே எனக்குத் தெரிந்ததையெல்லாம் கொட்ட ஆரம்பிப்பேன். பழைய ஜாம்பி மனுஷ மாமிசம் தின்பவனே இல்லை அண்ணே, கரீபியன் தீவுகளில் கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலில் கொண்டுவரப்பட்ட அடிமைகள் சொன்ன கதை அது, செத்தாலாவது ஊருக்குப் போய்ச் சேரலாம் என்று நம்பியவர்களுக்குச் செத்த பிறகும் எழுப்பி வேலை வாங்கிவிடுவார்களோ என்ற பயம், அதுதான் ஜாம்பி என்பேன். “படத்தப் பாக்க விடுட்டி,” என்பான். அப்போது நானும் அதை ஒரு தகவலாகத்தான் சொன்னேன்.

தேர்வு நாளுக்கு வருகிறேன். அன்று காலை நன்றாகத்தான் விடிந்தது. குளித்து, தலையைப் பின்னி, பவுடர் பூசி, துப்பட்டாவுக்கு ஊக்குக் குத்தி, கண்ணாடி முன்னால் வழித்து வழித்து அலங்கரித்துக்கொண்டு எட்டேகாலுக்குக் கிளம்பினேன். வழக்கமாக ஏறுகிற அதே வண்டி, வழக்கமாக ஏறுகிற அதே பெட்டி. அந்த வண்டி தானே வரை போகிற வண்டிதான். நான் செய்ய வேண்டியிருந்த காரியம் ஒன்றுமே இல்லை. சயானில் ஏறி, அடுத்து வரும் குர்லாவில் இறங்காமல் நின்றால் போதும். மனதுக்குள் குளவியின் நரம்புகளைப் பற்றி ஒப்பித்துக்கொண்டிருந்தேன். பின்னால் ஒரு விரல் தோளைத் தொட்டது. “குர்லா?” “ஹான்,” என்றேன். யாரும் என்னைத் தள்ளவில்லை. இதை அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் தள்ளிவிட்டார்கள் என்றுதான் பிறகு பலரிடமும் சொன்னேன். படி ஏறினேன், பாலம் கடந்தேன், ஹார்பர் வண்டியில் எனக்கென்று பழகிப்போன கம்பியைப் பிடித்தேன். செம்பூரில் இறங்கிப் பூக்காரியிடம் தலையசைத்தது வரை நினைவிருக்கிறது. என் மீசையைப் பிடித்துக் கூட்டிப்போன ஒருவரையும் நினைவில்லை.

தானேக்குப் போய்ச் சேர்ந்தபோது பத்தேகால். கதவுக்கு வெளியே இருந்த எழுத்தர் பட்டியலைப் பார்த்து, “பேர் ரெண்டு தடவ கூப்பிட்டாச்சு” என்று ஹிந்தியில் சொன்னார். வண்டி தாமதம் என்றேன். “எல்லாருக்கும் வண்டிதான்,” என்றார், தலையை நிமிர்த்தாமல். இருந்தது ஒரே இடம். இனி எப்போது இடம் வரும் என்று அவருக்கே தெரியாது. வராந்தாக் கண்ணாடி வழியாக உள்ளே கரப்பான் வளர்க்கும் பெட்டிகள் தெரிந்தன. உள்ளே அடுக்கிய காலிக் கோழிமுட்டை அட்டைகளுக்கு நடுவே கரப்பான்கள் சுறுசுறுப்பாக ஓடிக்கொண்டிருந்தன.

அன்று சாயங்காலம் ஊரிலிருந்து அம்மா பேசினாள். “நல்லா எழுதுனியா? இனிமே ஒனக்கு அந்தக் கம்பெனி சோலி வேண்டாமுல்லா?” தேர்வுக்கேள்வி தயாரிக்கிற என் கம்பெனி வேலையைச் சொல்கிறாள். நாலில் எது சரி, நாலில் எது தவறு என்று ஒரு நாளைக்கு நாற்பது கேள்வி. “எழுதுனேம்மா,” என்றேன். போனை வைத்ததும் அண்ணனிடம் நடந்ததைச் சொன்னேன். திட்டுவான் என்று நினைத்தேன். முதலில் சிரித்தான். “பூச்சியப் படிக்கப் போயி பூச்சியாவே ஆயிட்டியேட்டி.” பிறகு சிரிப்பு நின்றது. தோல் வெட்டிக் காய்த்த விரல்களைப் பார்த்துக்கொண்டே இருந்தான்.

“அஞ்சு வருசமா தீவாளிக்கு ஊருக்குப் போணும்னு கெளம்புதேன். யாரு புடிச்சு வச்சிருக்கா, சொல்லு. சேட்டு லீவு தர்றேன்னுதான் சொல்லுதாரு. தாதர்ல ஏறுனா நம்மூருதான் எறக்கம். காலு கீழ பட்டறைக்கு எறங்குது. அம்புட்டுத்தான்.”

விஷம் ஒரு வாரத்தில் இறங்கிவிடும் என்று படித்தவள் நான். ஆனால் குளவிக்கு அது தெரியும், அதனால்தான் காத்திராமல் முட்டையை வைத்துவிடுகிறது. எங்கள்மேல் எப்போது எதை வைத்தார்கள் என்று அன்று வெகுநேரம் யோசித்தேன். மாதம் பிறந்ததும் வீட்டுக்கு அனுப்புகிற பணமா, அடுத்த வருடம் பார்த்துக்கொள்ளலாம் என்ற பேச்சா? அல்லது ஒவ்வொரு நாளும் என் விரலை வாங்கிக்கொண்டு நன்றி சொல்கிற அந்தக் குரலா? தெரியவில்லை. உள்ளே ஏதோ தின்றுகொண்டிருக்கிறது என்பது மட்டும் தெரிகிறது. வலிக்கவில்லை, அதுதான் பயமாக இருக்கிறது.

தேர்வுக்கு மறுநாளும் வேலைக்குப் போனேன். தோளில் விரல் பட்டது, ஹான் என்றேன். இல்லை என்று சொல்ல அன்று காரணமும் இல்லை. அதற்கடுத்த நாளும் அப்படியே.

சனிக்கிழமைக்கு மறுபடி விடுப்புக் கேட்டு வாங்கியிருக்கிறேன். ஆய்வுக்கூடத்துக்கு ஒரு கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். சம்பளம் வேண்டாம், சனிக்கிழமைகளில் வந்து கரப்பான் பெட்டிகளைக் கழுவித் தருகிறேன், பக்கத்தில் நின்று பார்க்க விட்டால் போதும் என்று. கிடைக்கும் என்ற நம்பிக்கை பெரிதாக இல்லை. அந்த எழுத்தர் கடிதத்தை மேலே அனுப்புவாரா என்பதே சந்தேகம். அதற்கும் முன்னால் குர்லா இருக்கிறது. ஊருக்குப் போகிற விரைவு வண்டியும் தாதரில் கிளம்பி அந்தப் பக்கமாகத்தான், குர்லாவில் நிற்காமல், தானே வழியாகப் போகிறது. அண்ணனிடம் அதைச் சொன்னேன். “நீ மொதல்ல தாண்டிக் காட்டு, பொறவு நான் பாக்கேன்,” என்றான்.

அதே எட்டேகால் கிளம்பல், அதே பெட்டி. கதவுப் பக்கம் நிற்காமல் உள்ளே போய் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொள்ளப்போகிறேன். தலை பின்னி, பவுடர் பூசி, என்னைப்போலவே ஒருத்தி குர்லாவில் இறங்கி, படியேறிப் பாலத்தைப் பார்த்துப் போவாள். அவளை ஜன்னல் வழியே பார்க்க வேண்டும். அதற்கு முன் தோளில் ஒரு விரல் படும். “குர்லா?” என்பார்கள். “நஹி” என்று சொல்லிப் பார்க்கப்போகிறேன்.