கயிற்றில் நாலாவது ஆள்

மாலை நான்கு மணி பத்து. வெள்ளைத் துணியில் முதலில் தெரிந்தது ஒரு மனிதனின் குதிகால். வெடித்து, தூசி படிந்து, மணலில் ஊன்றி, வழுக்கி, மறுபடியும் ஊன்றியது. அதன் பிறகுதான் கால் தெரிந்தது, இடுப்புத் துணி தெரிந்தது, தோளில் கயிறு தெரிந்தது, கயிற்றின் மறுமுனையில் ஒரு வீட்டளவு கல் தெரிந்தது.

மூன்று மணிக்குத் தொடங்குவதாகச் சொன்ன படத்துக்கு ஜெனரேட்டர் இயங்க மறுத்ததால் ஒரு மணிநேரத்துக்கு மேலாக நாங்கள் எல்லோரும் சுவர் மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தோம். அதனால்தான் அந்த நேரம் எனக்கு மறக்கவில்லை. சுனாமி வந்து மூன்றாம் மாதம் அது. கதிரவெளிக் கரையில் வீடிழந்த நாங்கள், கடலிலிருந்து தள்ளியிருந்த ஒரு பாடசாலை வளவில் கூடாரங்களில் இருந்தோம். சனிக்கிழமைகளில் ஒரு நிவாரண நிறுவனம் பாடசாலை மண்டபத்தின் ஜன்னல்களை நீலத் ‘தறப்பாளால்’ மூடி, பகலை இருட்டாக்கி, எங்களுக்குப் படம் காட்டியது. அன்றைய படம் பழைய எகிப்தில் பிரமிட் கட்டிய தொழிலாளர்களின் வாழ்க்கையைப் பற்றியது. வீடு கட்டப் போகிறவர்களுக்கு இது தெம்பு தரும் என்று யாரோ ஓர் அலுவலகத்தில் இருந்து யோசித்திருக்க வேண்டும்.

படம் ஆங்கிலத்தில் ஓடியது. அதைக் கொண்டுவந்த காத்தான்குடி இளைஞர் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு தமிழில் சொல்லிக்கொண்டே இருந்தார்.

“இது எந்த ஊரு தம்பி?” என்று முன்வரிசையிலிருந்து தம்பிராசா மாமா கேட்டார். கரையில் நின்று இழுக்கும் கரைவலையில் எங்கள் அப்பாவோடு ஒரே கயிறு பிடித்தவர் அவர்.

“மிசிறு நாடு அண்ணன். அரபு நாடுதான்.”

“பாலைவனத்துலயும் வலை வளைக்கிறானுகளோ?”

“மீன் இல்ல அண்ணன், கல்லு. ராசாட கபுறு, கல்லறை கட்டுறாங்க.”

“ஒராளுக்கு இவ்வளவு பெரிய கபுறா?” என்று பின்னாலிருந்து ஒரு பெண் கேட்டார். அதுவரை சிரித்துக்கொண்டிருந்த மண்டபம் அமைதியானது. எங்கள் ஊரில் மூன்று மாதத்துக்கு முன் பலபேரை ஒரே குழியில்தான் வைத்து மூடியிருந்தார்கள்.

அந்த அமைதியை உடைத்தவர்களும் கரைவலைக்காரர்கள்தான். படத்தில் கல் இழுத்தவர்கள் கயிற்றைத் தோளில் போட்டுக்கொண்டு முன்னுக்குக் குனிந்து நடந்தார்கள். எங்கள் கரையில் யாரும் அப்படி இழுப்பதில்லை. இடுப்பில் கட்டிய சிறு கயிற்றை வலைக் கயிற்றில் கொளுவி, முகத்தைக் கடலுக்குக் காட்டி, உடலைப் பின்னால் சாய்த்து, குதிகாலைக் குத்திக் குத்திப் பின்னோக்கி நடப்பார்கள். “இவனுகளுக்கு இழுக்கத் தெரியா. இப்பிடிக் குனிஞ்சி இழுத்தா நாரி எலும்பு முறிஞ்சிரும்” என்று ஒருவர் சொல்ல, “நம்மளக் கூப்பிட்டிருந்தா ரெண்டு மாசத்துல கட்டிக் குடுத்திருப்பம்” என்றார் இன்னொருவர்.

அப்போதுதான் கயிற்றில் நாலாவதாக நின்ற ஆள் திரும்பினார். கால் வழுக்கியதோ, இயக்குநர் சொன்னாரோ தெரியாது. கல்லைப் பார்த்தபடி, உடலைச் சாய்த்து, குதிகாலைக் குத்தி, பின்னோக்கி நடந்து இழுத்தார். கருத்த, ஒல்லியான, அகன்ற தோள்பட்டைகள் கொண்ட மனிதர். முகம் தெரியவில்லை.

“அந்தா! நாலாவது ஆளப் பாருங்க. அது நம்மட கதிரவெளியான். செல்லத்துரையெல்லோ நிக்கிறான்!” என்று கத்திச் சிரித்த தம்பிராசா மாமா, பாதியில் சிரிப்பை நிறுத்தினார். செல்லத்துரை எங்கள் அப்பாவின் பெயர். அம்மா நான்கு பாய் தள்ளி உட்கார்ந்திருந்தார்.

சுனாமி வந்த அன்று காலை அப்பா கரைவலைக்குப் போனவர். உடல் கிடைக்கவில்லை. அவருடைய ஒரு படம்கூட எங்களிடம் மிஞ்சவில்லை. கல்யாண அல்பம், அடையாள அட்டைப் பிரதி, தை மாதம் கட்டாருக்குக் கட்டட வேலைக்குப் போவதற்காக எடுத்துவைத்திருந்த கடவுச்சீட்டு, எல்லாம் வீட்டோடு போய்விட்டன. அம்மா திரைத் துணியிலிருந்து கண்ணை எடுக்கவே இல்லை.

என் மடியில் மூன்றரை வயதுத் தங்கை இருந்தாள். அப்பா ‘வெளிநாட்டுக்கு’ப் போகப் போகிறார் என்பது மட்டும் அவளுக்குத் தெரிந்திருந்தது. மணல், வெயில், அரபு நாடு, உயரமாக ஒரு கட்டடம், கயிற்றில் பின்னோக்கி நடக்கும் ஓர் ஆள்.

“அக்கா, அது அப்பாவா?”

“ஓம்” என்றேன்.

“எப்ப வருவாரு?”

“கட்டி முடிஞ்சதும்.”

அப்போது எனக்குப் பத்து வயது. தம்பிராசா மாமாவின் பகிடியை யாரும் நம்பியிருக்க மாட்டார்கள். அவள் நம்பியது என் சொல்லை.

அந்தப் படத்தை எங்களுக்கு ஐந்து தடவை காட்டினார்கள். அம்மாதான் கேட்டார், அந்த இளைஞர் ஏன் என்று கேட்காமல் போட்டுக் காட்டினார். நாலாவது ஆள் வரும் இடம் மிகச் சிறியது, ஒரு பெருமூச்சு விடும் நேரம்தான். அதற்காக அம்மா முழுப் படத்தையும் பார்த்தார். எனக்கு இருந்த சிக்கல் வேறு. படத்தின் முடிவில் உச்சிக்கல்லை ஏற்றி வைத்துவிடுவார்கள், கட்டடம் முடிந்துவிடும். ஆகவே கடைசிக் கட்டம் வருமுன் எதையாவது சொல்லித் தங்கையை வெளியே கூட்டிப்போவேன். மூன்றாவது தடவை நான் எழும்பும் முன்பே அம்மா திரும்பிப் பார்த்து, “தங்கச்சியக் கூட்டிக்கொண்டு சுறுக்காப் போ மகள், தண்ணிப் பவுசர் வந்திருக்கும்” என்றார். அன்று தண்ணீர் வண்டி வரும் நாள் இல்லை என்பது அம்மாவுக்கும் தெரியும். அதைப் பற்றி நாங்கள் இருவரும் பேசிக்கொண்டதில்லை.

மறு வருடக் கடைசியில் போர் திரும்பவும் மூண்டு, செல் குண்டுகள் விழத் தொடங்கின. ஊரோடு சேர்ந்து காட்டுவழியாக நடந்தோம். தங்கையை அம்மாவும் நானும் மாறி மாறித் தூக்கினோம். “அக்கா, அப்பா வந்தா நம்மள எங்க எண்டு தேடுவாரு?” என்று என் காதுக்குள் கேட்டாள். சொல்லி அனுப்பியிருக்கிறேன் என்றேன். பல முகாம்கள் மாறி, கடைசியில் அம்மாவின் உறவுக்காரர் ஒருவரின் வளவில், மண்டூரில், ஒரு கொட்டில் போட்டுத் தங்கினோம். அங்கே அம்மா வயல் வேலைக்குப் போனார். பொட்டை மட்டும் அழிக்கவில்லை. பாடசாலையில் பிள்ளைகள், “உங்கப்பா சுனாமியில போனவரெல்லோ” என்று சொன்னபோது தங்கை என்னிடம் வந்தாள். “அவங்களுக்குத் தெரியா” என்றேன். ஏழு வயதுக்குப் பிறகு அவள் கேட்பதை நிறுத்திவிட்டாள். தானாகவே விளங்கிக்கொண்டாள் என்று நினைத்து நான் நிம்மதியடைந்தேன்.

போர் முடிந்துவிட்டது என்று தொலைக்காட்சி சொன்ன வாரம் அது. சந்தியில் யாரோ வெடி கொளுத்தினார்கள். எங்கள் பக்கத்து வீடுகள் பகலிலும் கதவைச் சாத்தியிருந்தன. சனிக்கிழமை நான் ‘ரியூசன்’ வகுப்புக்குப் போயிருந்தேன். பிற்பகலில் அயல்வீட்டுத் தொலைக்காட்சியில் பிரமிட் கட்டியவர்களைப் பற்றி ஒரு படம் போட்டிருக்கிறார்கள். வேறு படம், தமிழில் குரல் கொடுத்தது. தங்கை அதை முடியும்வரை பார்த்திருக்கிறாள். வெளியே கூட்டிப்போக நான் இருக்கவில்லை.

ஐந்தரைக்கு நான் திரும்பியபோது அவள் பஸ் நிற்கும் இடத்தில் நின்றாள். தலைக்குக் குளித்து, கோயிலுக்கென்று எடுத்துவைத்த மஞ்சள் சட்டையைப் போட்டு, நெற்றியில் திருநீறும் பூசியிருந்தாள். என்னைக் கண்டதும் ஓடி வந்தாள்.

“அக்கா, கட்டி முடிஞ்சித்து! உச்சிக் கல்லும் வெச்சித்தாங்க. இஞ்ச சண்டையும் முடிஞ்சித்து. இனி என்ன, வாறதுதானே?”

எட்டு வயதுகூட நிரம்பாத பிள்ளை. நாலு வருடமாக அவள் ஒன்றையும் மறக்கவில்லை. கேட்டால் எனக்குக் கரைச்சல் என்று கேட்காமல் இருந்திருக்கிறாள். அவள் பக்கத்தில் நின்றேன். மட்டக்களப்புப் பக்கமிருந்து ஒரு பஸ் வந்தது. இறங்கிய நான்கு பேரையும் அவள் ஒவ்வொருவராகப் பார்த்தாள். அடுத்த பஸ் வந்தது. ஒரு கிழவரும் இரண்டு பெண்களும் இறங்கினார்கள். “அடுத்ததுல வருவாராக்கும்” என்றாள்.

வட்டை வயலில் வேலை முடிந்து, கணுக்கால்வரை சேறு காய்ந்திருக்க அம்மா அந்த வழியே வந்தார். மஞ்சள் சட்டையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், புத்தகப் பையைப் பார்த்தார். வீதியோரத்தில் குந்தி, தங்கையைத் தன் முன்னால் நிறுத்தி, அவளுடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

“மகள், அப்பா கடலோட போயித்தாரு. சுனாமி வந்த அண்டைக்கே.”

தங்கை அழவில்லை. கைகளை மெல்ல இழுத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

“உனக்குத் தெரியுமா அக்கா?”

“ஓம்.”

“எப்ப இருந்து?”

“அண்டைக்கிருந்தே.”

செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு எங்களுக்கு முன்னால் நடந்தாள். அன்றிரவு அவள் என் பாயில் படுக்கவில்லை. அடுத்த மாதம் அம்மா பொட்டை அழித்தார். தர்ப்பையில் ஓர் உருவம் செய்து வைத்து அப்பாவுக்குரிய காரியங்களை முடித்தோம்.

பத்திரிகை வேலைக்கு வந்த பிறகு பிரமிட் கட்டியவர்களைப் பற்றிய படங்களைத் தேடித் தேடிப் பார்த்திருக்கிறேன். அவர்கள் குடியிருந்த ஊர், சுட்ட ரொட்டி, முறிந்து பின் பொருந்திய எலும்புகள் எல்லாவற்றையும் காட்டுகிறார்கள். முடிவில் உச்சிக்கல்லில் வெயில் படுகிறது. வேலை முடிந்த மறுநாள் அந்த மனிதர்கள் எப்படி வீட்டுக்குப் போனார்கள் என்பதை நான் பார்த்த ஒரு படமும் காட்டவில்லை. நாலாவது ஆள் இருந்த படம் எனக்கு இதுவரை கிடைக்கவில்லை. அதன் பெயரை அன்று நாங்கள் யாரும் கேட்டுவைக்கவில்லை. கூடாரங்கள் நின்ற வளவில் இப்போது விளையாட்டுத் திடல் இருக்கிறது. கதிரவெளிக் கரையில் போன வருடம் நான் பார்த்தபோது கரைவலைக் கயிற்றை இழுத்தது ஓர் உழவு இயந்திரம். தம்பிராசா மாமா அந்தக் காட்டுவழி நடையில் இறந்தார்.

தங்கைக்கு இப்போது இருபத்து நாலு வயது. மட்டக்களப்பில் ஒரு மருந்துக்கடையில் வேலை செய்கிறாள். வாரத்தில் இரண்டு மூன்று தடவை தொலைபேசியில் பேசுகிறோம். அம்மாவின் சீனி வியாதி, கறி, மழை என்று நெடுநேரம் பேசுவோம். பஸ்ஸுக்கு நின்ற அந்த மாலையிலிருந்து அவள் என்னைப் பெயர் சொல்லித்தான் கூப்பிடுகிறாள்.