தூள் கொட்டிய முந்திரி

2011 கடைசியில் 'தானே' புயல் அடித்து ஓய்ந்த மறுநாள் காலையில் கையில் எடுத்த மெஷின் ரம்பத்தை மரம்வெட்டி பாவாடை ஒன்றரை வருஷம் கீழே வைக்கவில்லை. வடக்குத்து ஊர்க்காரர், மரம் வெட்டும் கான்ட்ராக்டர் ஒருவரிடம் வேலை. முதலில் நிலக்கரிச் சுரங்க டவுன்ஷிப்பில் பிளாக் பிளாக்காகப் போய், குவார்ட்டர்ஸ் கூரைகள் மேல் விழுந்த வேம்பையும் தூங்குமூஞ்சி மரங்களையும் துண்டு போட்டார். பிறகு முத்தாண்டிக்குப்பம் பக்கத்து முந்திரிக்கொல்லைகளுக்கு அனுப்பினார்கள். வேரோடு புரண்டு கிடந்த மரங்களுக்கு நடுவே நடக்க வழி இல்லை.

எல்லா ஊரிலும் மரம் விழுந்திருந்ததால் விறகை வாங்க ஆள் இல்லை. வெட்டிய கட்டைகள் அங்கங்கே குவிந்து, வெயிலிலும் மழையிலும் கிடந்து உளுத்தன.

2013 கோடையில் சக்கரபாணியின் கொல்லையில் பாவாடை ஒன்றைக் கவனித்தார். சக்கரபாணி சுரங்கத்தில் பெர்மனன்ட் ஆள். அவருடைய அறுபது மரங்களில் புயலுக்குத் தப்பி நின்றவை இருபத்திரண்டு. அதில் ஒன்றின் அடிமரத்தில் பிசின் வழிந்து, தரையில் ரம்பத்தூள் போல ஏதோ கொட்டிக் கிடந்தது. அந்த மரத்தில் யாரும் ரம்பம் வைக்கவில்லை. பட்டையைக் கத்தியால் நெம்பினார். உள்ளே விரல் நீளத்தில் வெள்ளைப் புழு. கிடக்கும் கட்டைகளைப் பிளந்தபோது பல நாளாக அவர் பார்த்துவந்த அதே புழு.

அன்றிலிருந்து அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. பஸ்சுக்கு நிற்கும்போதும் பக்கத்து மரத்தின் அடியைக் குனிந்து பார்த்தார். சாப்பாட்டுக்கு உட்கார்ந்தால் பாதியில் எழுந்தார். முந்திரி உடைக்கிற கம்பெனிக்குப் போய்வரும் அவர் மனைவி செல்லக்கிளிக்கு அது எரிச்சலாக இருந்தது. அடுத்தவன் கொல்லைக்கு நமக்கென்ன என்று கேட்டாள். கொட்டை வரத்து குறைந்தால் உனக்கும்தான் வேலை இருக்காது என்றார் அவர்.

சக்கரபாணியிடம் போய்ச் சொன்னார். பட்டுப்போகும் மரங்களை உடனே வெட்டி எரிக்க வேண்டும். கிடக்கும் கட்டைகளையும் கொளுத்த வேண்டும். இல்லாவிட்டால் புழு வண்டாகி மற்ற மரங்களுக்கும் தாவும். சக்கரபாணி சிரித்தார்.

"வெட்டறவனே வந்து மரத்துக்கு நோவுன்னு சொன்னா எவன் நம்புவான் பாவாடை?"

அந்தக் கேள்வி தைத்தது. கூலி வேண்டாம் என்றார். அப்போதும் நம்பவில்லை. விலை ஏறும்போது விற்கக் கட்டை சேர்க்கிறான் என்று ஊரில் பேசிக்கொண்டார்கள்.

மூன்று வாரம் பொறுத்தார். வளைத்த கம்பியால் சில மரங்களின் துளைகளில் இருந்து புழுக்களை இழுத்துப் போட்டார். முதலில் பார்த்த மரத்தின் இலை முழுதும் மஞ்சளாகி உதிர்ந்தது. அதன் பட்டையில் புது வண்டுகள் உட்கார்ந்திருந்தன. மறுநாள், சக்கரபாணி முதல் ஷிப்டில் இருந்த நேரம் பார்த்து, யாரையும் கேட்காமல் அந்த மரத்தை அறுத்துச் சாய்த்தார். தப்பு என்று தெரிந்துதான் செய்தார். ஓடிப்போகவில்லை. ரம்பத்தை அணைத்துவிட்டு அங்கேயே சுற்றிச்சுற்றி நடந்துகொண்டிருந்தார்.

ஷிப்ட் முடிந்து சக்கரபாணி யூனிஃபார்மோடு வந்து சேர்ந்தார். யாரோ போன் செய்திருந்தார்கள். வண்டியை அணைக்காமலே குதித்து இறங்கி, பாவாடையின் சட்டையைப் பிடித்தார்.

"புயல்ல நின்ன மரம்டா இது. எங்கப்பா வெச்சது."

"அடிங்க, வாங்கிக்கறேன். ஒருவாட்டி உள்ள பாத்துட்டு அடிங்க."

பாவாடை சட்டையை விடுவித்துக்கொண்டு, கோடாலியை எடுத்து அடிக்கட்டையில் இரண்டு போடு போட்டார். கட்டை பிளந்தது. உள்ளே மரமே இல்லை; ஈரத் தூளும், அதற்குள் நெளியும் புழுக்களும். சக்கரபாணி குனிந்து பார்த்தார். ஒரு புழுவைச் செருப்பால் தேய்த்தார்.

"இன்னும் எத்தன?" என்றார்.

"ஏழு நிக்காதுங்க. மத்தத பாத்துகினே இருந்தா காப்பாத்திடலாம்."

அந்த வாரமே ஏழு மரங்களையும் வெட்டிக் கட்டைகளோடு சேர்த்து எரித்தார்கள். கேட்காமல் மரம் வெட்டினான் என்று கான்ட்ராக்டர் பாவாடையை வேலையில் இருந்து நிறுத்தினார். கான்ட்ராக்டரே அனுப்பி வெட்டவைத்தார் என்று ஊரில் பேச்சு வந்ததாம்.

ஒட்டிய கொல்லை ஜானகியம்மாளுடையது. விறகு விலை ஏறும் என்று அவர் கட்டைகளை அசையவிடவில்லை. அடுத்த ஆண்டே அவருடைய மரங்களில் பாதி காய்ந்தது. அங்கிருந்து வந்த வண்டு சக்கரபாணியின் கொல்லையிலும் மேலும் மூன்றைத் தின்றது. அப்புறம்தான் ஜானகியம்மாள் ஆள் அனுப்பினார். பாவாடை கோபித்துக்கொள்ளாமல் போனார்.

இரண்டு கொல்லைகளிலும் சேர்த்து இருபது மரம் போல மிஞ்சின. அதற்கப்புறம் மற்ற ஊர்களிலிருந்தும் கூப்பிட்டார்கள். பாவாடை போன இடங்களில் வெட்டியதைவிட, வேரில் புழு இருக்கிறதா என்று குனிந்து தோண்டியதுதான் அதிகம். ஒரு மரத்தடியில் சேர்ந்தாற்போல ஐந்து நிமிஷம் நிற்கமாட்டார். இந்த மரம் சுத்தமாக இருக்கிறது என்று கொல்லைக்காரர் சொன்னால், மறுபக்கம் போய் அங்கேயும் மண்ணைத் தோண்டிப் பார்ப்பார்.