ஃபாரம் அக்கா எழுதிய வருமானம்

ஃபாரம் அக்கா என்றால்தான் அவளைத் தெருவில் எல்லோருக்கும் தெரியும். பிழைப்பு என்னவோ தையல் கடையில் சட்டைகளுக்குக் காஜா எடுத்துப் பட்டன் தைப்பது. ஆனால் கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். உதவித்தொகையோ படிப்புச் சலுகையோ, யார் எந்த விண்ணப்பத்தைத் தூக்கிக்கொண்டு வந்தாலும், ஊசியைச் சட்டைக் காலரில் குத்திவிட்டு எழுதிக் கொடுப்பாள். காசு வாங்க மாட்டாள். புத்தி மட்டும் சொல்வாள்.

"வருமானம்னு கேக்குற இடத்துல மட்டும் வாயைக் கட்டணும். உள்ளதைச் சொன்னா ஒண்ணும் கிடைக்காது."

இதைப் பொய் என்று சொல்ல வயிறு நிறைந்தவர்களால்தான் முடியும். உள்ளதை எழுதி ஏமாந்தவர்கள் அந்தத் தெருவில் வீட்டுக்கு ஒருவர் இருந்தார்கள்.

அவள் புருஷன் டைல்ஸ் ஒட்டுகிறவர். தரை எந்தப் பக்கம் வாட்டம் என்று உள்ளங்கையை வைத்தே சொல்லிவிடுவார். வீடு கட்டுகிறவர்கள் அவருக்காக வாரக்கணக்கில் காத்திருப்பார்கள். கூலியும் அதற்குத் தகுந்தபடி வந்தது. மகளுக்கு நர்சிங் படிக்க இடம் கிடைத்தபோது, பாதிக் கட்டணச் சலுகைக்கான ஃபாரத்தில் அந்தக் கூலியில் கால் பங்கைத்தான் அக்கா எழுதினாள்.

அவர் அதை எழுத்துக்கூட்டிப் படித்தார். "ஏன்டி, நாள் பூரா குந்தி குந்தி முட்டி தேயுறேனே, அதுக்கு இவ்வளவுதானா?"

"காகிதத்துல ஏழையா இருந்தா குறைஞ்சா போயிடுவீங்க? கையெழுத்தைப் போடுங்க."

போட்டார். அன்றைக்கு ராத்திரி முட்டிக்குத் தைலத்தைத் தானே தேய்த்துக்கொண்டார்.

ஒன்றரை வருடம் கழித்து, காலையில் பைக்கில் வேலைக்குப் போனவரைப் பின்னால் வந்த லாரி அடித்துப் போட்டது. தப்பு தன்மேல்தான் என்று டிரைவரே ஒப்புக்கொண்டான். நஷ்ட ஈட்டு வழக்கில் மிச்சமிருந்தது ஒரே கேள்வி: செத்தவர் மாதம் எவ்வளவு சம்பாதித்தார்?

அவருக்கு வேலை கொடுத்த மேஸ்திரி, ஒரு நாள் பிழைப்பை விட்டுவிட்டு வந்து, முழுக் கூலியையும் கூண்டில் நின்று சொன்னார். இந்தக் காலத்தில் அப்படி யார் வருவார்கள்? அக்கா கண்ணாலேயே கும்பிட்டாள்.

அடுத்து அவளைக் கூண்டில் ஏற்றினார்கள். லாரிக்கான இன்சூரன்ஸ் கம்பெனியின் வக்கீல், மகளின் கல்லூரியிலிருந்து வரவழைத்த ஒரு தாளை ஃபைலிலிருந்து உருவினார். எட்ட இருந்தே அவளுக்குத் தெரிந்துவிட்டது. தன் கையெழுத்து தனக்குத் தெரியாதா?

"இதை எழுதினது யாரும்மா?"

"நான்தாங்க."

"அப்ப எழுதினது பொய்யா, இல்ல இப்ப கேக்குறது பொய்யா?"

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இவள் தன் பேனாவால் கெட்டாள். அப்போது எழுதியதுதான் பொய் என்று சொன்னால் முழு ஈட்டுக்கும் வழி உண்டு. ஆனால் மகளுக்கு இன்னும் ஒரு வருடம் பாக்கி. ஃபாரத்தில் இருந்தது பொய்க் கணக்கு என்று கல்லூரிக்குத் தெரிந்தால் அன்றைக்கே வெளியே அனுப்பிவிடுவார்கள். ஈட்டுப் பணம் எந்த வருடம் கைக்கு வருமோ, படிப்பு அதுவரை காத்திருக்குமா?

"அதுல எழுதியிருக்கிறதுதாங்க உண்மை" என்றாள்.

மேஸ்திரி எழுந்து வெளியே போய்விட்டார். "இப்படிக் கெடுத்துட்டீங்களேம்மா!" என்று அவளுடைய வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார்.

அந்தக் கால் பங்கை வைத்துத்தான் கணக்குப் போட்டார்கள். அதிலும் மூன்றில் ஒரு பங்கு கழிந்தது. உயிரோடு இருந்திருந்தால் தனக்கென்று அதைச் செலவழித்திருப்பாராம்! அந்த மனுஷன் தனக்கென்று செலவழித்தது டீயும் முட்டிக்குத் தைலமும்தான். பணம் குறைந்தது அவளுக்கு இரண்டாம்பட்சம். அவருடைய உழைப்பை நாலு பேர் முன்னால் தானே மட்டமாகச் சொல்லிவிட்டோமே என்றுதான் வீட்டுக்கு வந்து அழுதாள்.

மறுவாரம் எதிர்வீட்டுக்காரி ஒரு ஃபாரத்தோடு தையல் கடைக்கு வந்தாள். புருஷன் பெயின்டர், மகனுக்குப் படிப்பு உதவித்தொகை.

"வருமானம் என்னக்கா போடலாம்?"

அக்கா ஊசியைக் காலரில் குத்தினாள். பேனாவைத் திறந்தாள்.

"உன் வீட்டுக்காரரு வேலைக்கு எதுல போறாரு?"

"பைக்லதான். ஏன்க்கா?"

"பஸ்ல போகச் சொல்லு" என்று சொல்லிவிட்டு, தன் புருஷனுக்கு எழுதிய அதே தொகையை எழுதினாள்.