செபமாலையின் வீரம்

உதைபந்தில் கோலுக்கு நின்ற காலத்தில், தனக்குப் பயமென்றால் என்னவென்றே தெரியாது என்று செபமாலை சொல்லித் திரிவார். கூட்டாளி டொமினிக்கைக் கடைக்குள் புகுந்த கள்ளர்கள் வெட்டிக் கொன்றபின் அந்தப் பேச்சு நின்றுபோனது. உடம்பு மட்டும் பழையபடி பெரிது.

போன மாதம் டொமினிக்கின் மனைவி மெற்றில்டாவை ஆட்டோவில் செங்கலடிச் சந்தைக்குக் கூட்டிப்போனார். இளநீர் சீவ வியாபாரி கத்தியை ஓங்கியதும், செபமாலை பாய்ந்து ஆட்டோவுக்குப் பின்னால் குந்திவிட்டார். சந்தையே சிரித்தது.

“பாத்தியா தங்கச்சி, என்ட வீரத்த? இளநிக்கே இந்தப் பாடு!” என்று அவரும் சிரித்தார்.

மெற்றில்டா சிரிக்கவில்லை. “நானும் கண்ணப் பொத்திட்டன் அண்ணன். இப்ப வீட்டில மீன் வெட்டுறதும் மகள்தான்.”

இளநீரை விட்டு இருவரும் சோடா வாங்கினார்கள். மூடி ‘டப்’ என்று திறந்த சத்தத்துக்கு இரண்டுபேரும் ஒன்றாகத் துள்ளினார்கள். மெற்றில்டாவுக்குச் சிரிப்பு வந்து சோடா மூக்கில் ஏறியது.